கைது நேரும்போது: காவல் துறையின் வரம்புகளும் குடும்பத்தாரின் கடமைகளும்

1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் இந்தியாவில் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, கைது செய்யும் அதிகாரத்தைக் காவல் துறைக்கு அளிப்பதோடு, அதன் ஒவ்வொரு கட்டத்துக்கும் வரம்பையும் விதிக்கிறது. அவ்வரம்புகளைக் குடும்பத்தார் நிகழ்வு வரிசையிலேயே அறிந்து, உரிய நேரத்தில் வலியுறுத்துவது இன்றியமையாதது.

1. அழைப்பின் தன்மையை அறிதல்: ஏழாண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றச்சாட்டில், கைது ஏன் தேவை என்பதை அதிகாரி எழுத்தில் பதிவு செய்ய வேண்டும், தேவையில்லையெனில், பிரிவு 35இன்படி நேரில் வருமாறு அறிவிப்பு வழங்க வேண்டும். சாட்சியாக அழைக்கப்படும் பெண்களையும் 60 வயதைக் கடந்தோரையும், அவர்களே விரும்பினாலன்றி, காவல் நிலையத்துக்கு வரவழைக்கலாகாது.

2. கைதுக் குறிப்பாணையைச் சரிபார்த்தல்: கைது விவரங்களைப் பதியும் இந்த ஆவணத்தில், குடும்பத்தார் ஒருவரோ அப்பகுதியின் மதிப்புக்குரியவர் ஒருவரோ சாட்சிக் கையொப்பம் இட வேண்டும் (பிரிவு 36). டி.கே. பாசு வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியவாறு, கைதான நாளும் நேரமும் அதில் இடம்பெற்றுள்ளனவா என்பதைக் கையொப்பத்துக்கு முன்பே பார்த்துவிட வேண்டும்.

3. காரணத்தையும் வழக்கறிஞரையும் கோருதல்: கைதுக்கான காரணத்தையும், பிணையில் விடத்தக்க குற்றமெனில் பிணை பெறும் உரிமையையும் அதிகாரி தெரிவிக்க வேண்டும் (பிரிவு 47). விசாரணை நெடுகிலும் உடனிருக்க இயலாவிடினும், அதனிடையே வழக்கறிஞரைச் சந்திக்கும் உரிமை கைதானவருக்கு உண்டு (பிரிவு 38). காவல் அதிகாரியிடம் அளிக்கும் ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றத்தை மெய்ப்பிக்கும் சான்றாகப் பயன்படுத்த இயலாது என்பதால், அச்சத்துக்கு ஆட்பட்டு எதையும் ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை.

4. மருத்துவ அறிக்கையைப் பெறுதல்: கைதானவுடன் நடத்தப்படும் பரிசோதனையில் காயங்களும் அவை ஏற்பட்டிருக்கக்கூடிய நேரமும் குறிக்கப்பட வேண்டும், அறிக்கையின் நகல் கைதானவருக்கோ அவர் குறிப்பிடுபவருக்கோ உரியது (பிரிவு 53).

5. நடுவர்முன் பேசுதல்: பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் கைதானவரை நீதித்துறை நடுவர்முன் நிறுத்த வேண்டும் என்பது அரசமைப்புச் சட்டத்தின் 22ஆம் உறுப்பும் உறுதிசெய்யும் உரிமையாகும். அடிபட்டிருந்தால் அதை நடுவரிடம் அப்போதே தெரிவிக்க வேண்டும். கெடு கடந்தும் நிறுத்தப்படவில்லையெனில், சட்டவிரோதக் காவலில் இருப்பவரை நீதிமன்றத்தின்முன் கொண்டுவரக் கோரும் ஆட்கொணர்வு மனுவை உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்யலாம்.

குறிப்பாணையில் நேரம் பதியாமல் போனால் 24 மணி நேரக் கணக்கே ஐயத்துக்குள்ளாகும் என்பதால், ஆவணம் ஒவ்வொன்றின் நகலையும் அன்றன்றே பெற்று வழக்கறிஞரிடம் ஒப்படைப்பதே குடும்பத்தாரின் தலையாய கடமை.