உறைபனியிலும் யூ மரம் பசுமையாக நிற்க

டொராண்டோ போன்ற குளிர் ஊர்களில் வேலியாக யூ வளர்ப்பவர்களுக்கு:

• ஆங்கில யூவைவிட ஜப்பானிய யூவும் அதன் கலப்பின வகைகளும் குளிரை நன்றாகத் தாங்கும்.

• நீர் தேங்கினால் வேர் அழுகும். வடிகால் உள்ள இடத்தில், இளவேனிலில் நடுங்கள்.

• நிலம் உறையும் முன் வேர் நனைய நீர் ஊற்றி, தண்டை ஒட்டாமல் 5 முதல் 8 செ.மீ. மரச்சீவல் மூடாக்குப் போடுங்கள்.

• மண் உறைந்து வேரால் நீர் எடுக்க முடியாதபோது, வெயிலும் காற்றும் இலைகளை உலர்த்திப் பழுப்பாக்கிவிடும். காற்றடிக்கும் பக்கம் சாக்குத் திரை கட்டுங்கள்.

• பழுப்பேறிய கிளையை அவசரப்பட்டு வெட்டாதீர்கள். மே மாதத்தில் பட்டையை நகத்தால் சுரண்டுங்கள்; உள்ளே பச்சை தெரிந்தால் துளிர்க்க வாய்ப்புண்டு.

• இலையும் விதையும் கடும் நஞ்சு. சிவப்புப் பழத்தைக் குழந்தைகள் வாயில் வைக்க விடாதீர்கள். வெட்டிய கிளைகளைக் கால்நடைக்கு எட்டாமல் அப்புறப்படுத்துங்கள்.