டக்ஸ் பெயின்ட் ஓவியங்கள் எங்கே சேமிக்கப்படுகின்றன?

ஏழாம் வகுப்பில் நான் நடத்தும் டக்ஸ் பெயின்ட், கோப்பின் பெயரையோ இடத்தையோ கேட்காமலே சேமிக்கும். கணினி விளையாட்டுகள் பலவும் அப்படித்தான். ஆய்வகக் கணினிகளை ஃபார்மட் செய்யப்போகிறார்கள் என்றதும், வண்டியூர்த் தெப்பக்குளத்தை மூன்று பாடவேளைகளாக வரைந்த மாணவி பதறிவிட்டாள்.

விண்டோஸ் விசையுடன் ஆர் விசையை அழுத்தி, இரு சதவீதக் குறிகளுக்கிடையே 'ஆப்டேட்டா' என ஆங்கிலத்தில் தட்டச்சு செய்து என்டர் கொடுத்தேன். அங்கே 'டக்ஸ்பெயின்ட்' கோப்புறை, அதற்குள் 'சேவ்ட்'. படத்தின் பெயர் 14 இலக்க எண்: ஆண்டு, மாதம், நாள், மணி, நிமிடம், நொடி. பாடவேளை தெரிந்தால் படம் கிடைத்துவிடும் (கணினிக் கடிகாரம் சரியாக ஓடினால்!).

'சேவ்ட்' கோப்புறையை முழுவதுமாகப் பென் டிரைவில் நகலெடுங்கள். பிறகு அதே இடத்தில் ஒட்டினால் போதும். எல்லாக் கணினியிலும் கோப்புறையின் பெயர் ஒன்றே. ஆகவே நகலுக்குக் கணினி எண்ணைப் பெயராக இடுங்கள்.