மேடைக்குப் பின்னால் ஓர் இசை மேதை

இசை நாடகம் காண்போர், பாட்டுக்கு மெட்டு அமைத்தவரைப் போற்றுவர். ஆனால், அம்மெட்டை எந்த வாத்தியம் எவ்விடத்தில் வாசிக்க வேண்டும், எது அடங்கி ஒலிக்க வேண்டும் என ஒவ்வொரு கலைஞருக்கும் எழுதித் தருபவர் வேறொருவர். அவரே வாத்திய அமைப்பாளர். அத்துறையில் ஒப்பற்று விளங்கியவர் ராபர்ட் ரஸ்ஸல் பென்னட்.

இவர் 1894ஆம் ஆண்டு அமெரிக்காவின் மிசூரி மாநிலத்தில் பிறந்தார். சிறுவயதில் இளம்பிள்ளை வாதம் இவரைத் தாக்கியது. குடும்பத்தார் ஒரு பண்ணைக்குக் குடிபெயர்ந்தனர். தாயார் பியானோ கற்பித்தார். தந்தையார் அவ்வூரில் வாத்தியக் குழு ஒன்றை நடத்தினார். குழுவில் எந்த வாத்தியத்திற்கு ஆள் தேவைப்பட்டாலும் மகனே அதனை ஏற்று வாசித்தார். இவ்வாறு பல வாத்தியங்களின் இயல்பும் அவருக்குக் கைவந்தது.

அவ்வறிவே பிற்காலத்தில் அவரை உயர்த்தியது. 'ஷோ போட்' (1927), 'ஓக்லஹோமா' (1943), 'சவுண்ட் ஆஃப் மியூசிக்' (1959) ஆகிய புகழ்பெற்ற நாடகங்களின் பாடல்களுக்கு வாத்திய இசை வகுத்தவர் அவரே. 1952இல் தொடங்கிய 'விக்டரி அட் சீ' என்னும் தொலைக்காட்சித் தொடருக்காக, ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் தந்த சில மெட்டுகளை மணிக்கணக்கில் ஒலிக்கும் இசையாக விரித்தெழுதினார். வாத்தியக் குழுவையும் தாமே நடத்தினார். 'ஓக்லஹோமா' திரைப்பட இசைக்காக வேறு இருவருடன் ஆஸ்கார் விருதும் பெற்றார்.

1981இல் அவர் மறைந்தார். அமெரிக்க நாடக உலகின் டோனி சிறப்பு விருது 2008இலும் அவருக்கு அளிக்கப்பட்டது. வராதவர் இடத்தை நிரப்புவது சிறுபணியன்று. அதுவும் ஒரு கல்வியே என்பதை அவர் வாழ்வு நமக்கு உணர்த்துகிறது.