தோட்டத்துக் கல்யாணத்துக்கு முதன்முறை போகிறவருக்கு

கூட வேலை செய்கிற பிள்ளை வெத்தலை பாக்கோடு பத்திரிகையை நீட்டியிருக்கிறாள். எட்டியாந்தோட்டைக்கு மேலே ஒரு ரப்பர் தோட்டம், வைகாசியில் கல்யாணம். இதுவரை நீங்கள் போன கல்யாணமெல்லாம் அப்பா அம்மாவோடு போனது, மொய்யும் அப்பா பெயரில் எழுதியது. உங்கள் பெயர் போட்டு வந்த முதல் பத்திரிகை இதுதான். என்ன கொடுப்பது, எதை உடுப்பது என்று யோசிக்கிறீர்கள். நான் கேகாலைப் பக்கத் தோட்டமொன்றில் வளர்ந்தவள். எங்கள் வாசலில் மொய் எழுதும் மேசைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்து பார்த்ததை வைத்துச் சொல்கிறேன்.

முதலில் பத்திரிகையை நிதானமாக வாசியுங்கள். அழைத்தது பெண் வீடா, மாப்பிள்ளை வீடா? தாலி கட்டு வீட்டுப் பந்தலிலா, தோட்டத்துக் கோயிலிலா, டவுன் மண்டபத்திலா? மண்டபம் என்றால் பாதிக் கவலை இல்லை. தோட்டம் என்றால் எந்தப் பிரிவு என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். மேல்பிரிவுக்கும் கீழ்பிரிவுக்கும் நடுவே ஒரு மலையே இருக்கலாம். பஸ் எதுவரை வரும், இறங்கி எவ்வளவு தூரம் நடக்க வேண்டும், திரும்ப கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்ற மூன்றையும் பிள்ளையிடமே கேளுங்கள். கொழும்பிலிருந்து களனிவெளி ரயிலை நம்பிக் கிளம்ப வேண்டாம். முன்பு இரத்தினபுரி தாண்டியும் ஓடிய அந்தப் பாதை இப்போது அவிசாவளையோடு நின்றுவிடுகிறது. அங்கிருந்து எட்டியாந்தோட்டைக்கும் தெரணியகலைக்கும் இரத்தினபுரிக்கும் பஸ்தான்.

அடுத்தது மொய். பரிசுச் சாமானை விட கவரில் காசு வைப்பதே நல்லது என்பேன். கல்யாணத்தன்று இரவே கவர்களைப் பிரித்து எண்ணி, பந்தல்காரருக்கு இவ்வளவு, சமையல்காரருக்கு இவ்வளவு, மளிகைக் கடைக்கு இவ்வளவு என்று பிரித்து வைத்த பிறகுதான் பல வீடுகளில் பெரியவர்கள் படுப்பார்கள். சுவர் மணிக்கூட்டைக் கொடுத்துக் கடையில் கணக்கை அடைக்க முடியாது.

எவ்வளவு வைப்பது? இதில்தான் நல்ல மனசுக்காரர்கள் தவறுகிறார்கள். என் அக்காவின் கல்யாணத்தில் அண்ணனின் கொழும்புக் கூட்டாளி ஒருவர் 10,000 ரூபாய் வைத்தார். தோட்டத்தில் நாட்சம்பளம் அப்போது 1,000 ரூபாயைத் தொடவில்லை. மொய்க் கொப்பியில் அந்த வரியைப் பார்த்த அம்மா, "இந்தப் பிள்ளைக்கு நாம எப்புடி திருப்பிச் செய்யப்போறோம்?" என்றாள். இரண்டு வருசத்தில் அவருடைய தங்கச்சியின் கல்யாணப் பத்திரிகை வந்தது. கூரைத் தகரம் மாற்ற அம்மா கட்டிவந்த சீட்டுக் காசு அந்தக் கவருக்குள் போனது. அடுத்த மழைக்கும் அதே இடத்தில்தான் வாளி வைத்தோம். அவர் அன்போடுதான் கொடுத்தார், இது அவருக்குத் தெரியவே தெரியாது. மொய்யை வாங்குகிற வீடு அதைக் கடனாகத்தான் எழுதிக்கொள்ளும், திருப்பிச் செய்யாமல் விட்டால் அவர்களுக்குத் தூக்கம் வராது.

ஆகவே உங்கள் சம்பளத்தை வைத்து அளக்காதீர்கள், அந்த வீட்டு வருமானத்தை வைத்து அளவிடுங்கள். தோட்டத்தில் ஒரு நாள் வேலையை 'ஒரு பேர்' என்பார்கள். தேயிலைத் தோட்டமென்றால், கொழுந்து கிலோ குறைந்தால் அரைப்பேர்தான் விழும். 2021 இல் 1,000 ரூபாயான நாட்சம்பளம் 2024 செப்டெம்பரில் 1,350 ரூபாயாக வர்த்தமானியில் வந்தது. கூட வேலை செய்கிறவர் என்றால் இரண்டு பேர்க் காசு போதும். 1,350 ரூபாய்க் கணக்கில், அதற்குச் சற்றுக் குறைந்து 2,501 வைத்தாலும் சரி. சம்பளம் கூடியிருந்தால் அதற்கேற்பக் கூட்டுங்கள். நெருங்கிய சிநேகிதி என்றால் மூன்று பேர் வரை போங்கள். அதற்கு மேலும் செய்ய ஆசையா? மொய்க் கொப்பிக்கு வெளியே செய்யுங்கள். முதல்நாளே போய் மரக்கறி வெட்டுங்கள், தேங்காய் துருவுங்கள், ஒரு வேன் கூலியைப் பொறுப்பேற்றுக்கொள்ளுங்கள். இதை யாரும் வரி போட்டு எழுதப்போவதில்லை, ஆனால் யாரும் மறக்கவும் மாட்டார்கள்.

கவரின் மேல் பெயரையும் ஊரையும் தமிழில் தெளிவாக எழுதுங்கள். ஒரே பெயரில் நாலு பேர் வந்திருப்பார்கள் என்பதால், யாருடன் வேலை செய்கிறீர்கள் என்பதையும் சேருங்கள். சில வீடுகளில் பெயரை மைக்கிலும் வாசிப்பார்கள், கூச்சப்பட வேண்டாம்.

சாமான்தான் கொடுப்பேன் என்றால் வீட்டை நினைத்து வாங்குங்கள். பழைய லயத்துக் காம்பரா பத்தடிக்குப் பன்னிரண்டடி. இன்னும் பல புதுச் சோடிகள் அப்படியொரு காம்பராவில், மற்றவர்களோடு சேர்ந்துதான் குடித்தனம் தொடங்குகிறார்கள். கண்ணாடிக் கோப்பை செட் வைக்க அங்கே அலுமாரி இருக்காது. நல்ல கம்பளி, பெட்சீட், சுடுதண்ணி பிளாஸ்க், மூடியோடு சில்வர் சட்டி எல்லாம் மறுநாளே பாவனைக்கு வரும். ஒற்றையடிப் பாதையில் ஒரு கையால் தூக்கிக்கொண்டு ஏற முடிகிற பொதியாகவும் இருக்கட்டும். மோதிரமும் சேலையும் பெரும்பாலும் தாய்மாமன், அத்தை முறைக்காரர்கள் செய்வது, அதில் நாம் நுழைய வேண்டாம். கத்தி, கத்தரிக்கோல் கூடாது.

இரத்தினபுரி வழியாகப் போகிறவர்களுக்கு ஒரு கல் வாங்கிக் கொடுத்தால் என்ன என்று தோன்றும். வேண்டாம். தேசிய இரத்தினக்கல் மற்றும் ஆபரண அதிகாரசபை போன்ற இடத்தில் சோதித்துச் சான்றிதழ் எடுக்காத கல்லைக் கண்ணால் பார்த்து நம்ப முடியாது. அதோடு ராசி பார்க்காமல் நீலக்கல் கொடுத்தால் அந்த வீட்டுப் பாட்டி பயந்தே போவாள்.

இனி உடுப்பு. இரத்தினபுரியில் ஆண்டுக்கு 3,500 மில்லிமீற்றருக்கு மேல் மழை பெய்யும். கல்யாண மாதமான வைகாசியில்தான் தென்மேல் பருவமழையும் தொடங்கும். பஸ்ஸை விட்டு இறங்கினால் ஏற்றம், சேறு, ரப்பர் மரத்தடியில் அட்டை. பட்டுச்சேலை உடுத்துக்கொண்டு இதில் ஏற நினைக்காதீர்கள். பாட்டாவும் சாதாரண உடுப்புமாகப் போய், கல்யாண உடுப்பைப் பொலித்தீன் பையில் சுற்றி எடுத்துச் சென்று, பிள்ளையின் பக்கத்து வீட்டில் மாற்றிக்கொள்ளுங்கள். கேட்க வெட்கப்பட வேண்டாம், சொந்தக்காரர்களும் அப்படித்தான் செய்வார்கள். கணுக்காலில் கொஞ்சம் சவர்க்காரம் பூசிக்கொண்டால் அட்டை ஏறத் தயங்கும். ஏறிவிட்டால் பிடுங்காமல் உப்பு வையுங்கள்.

பெண்களுக்கு, ஈரம் பட்டாலும் சுருங்காத மெல்லிய சேலை நல்லது, சல்வாரும் தாராளமாகப் போடலாம். குங்குமச் சிவப்பில் தங்கச் சரிகைச் சேலையைத் தவிருங்கள், அது கூறைச்சேலையின் நிறம். கறுப்பு வேண்டாம். தனி வெள்ளைச் சேலையும் வேண்டாம். இங்கே தமிழரும் சிங்களவரும் இழவு வீட்டுக்கு வெள்ளைதான் உடுத்துகிறார்கள். ஆண்களுக்கு வேட்டி சட்டை மிகப் பொருத்தம், ஏற்றத்தில் மடித்துக் கட்டிக்கொள்ளலாம். களிசானும் பரவாயில்லை. நகை கொஞ்சமாகப் போடுங்கள். மணப்பெண் கழுத்தில் இருப்பது இரவல் பவுணாகவும் இருக்கலாம், அவளுக்குப் பக்கத்தில் நின்று படம் எடுக்கப்போகிறவர் நீங்கள்.

பந்தலுக்கு வெளியே செருப்பைக் கழற்றி, எங்கே வைத்தோம் என்பதை நினைவில் வையுங்கள். சந்தனம் எடுத்துக்கொண்டு, முதலில் பெண்ணின் அம்மா அப்பாவைக் கும்பிடுங்கள். கவரை மேசையில் இருப்பவரிடம் கொடுத்து, பெயர் எழுதுகிறவரை நில்லுங்கள். சப்ரகமுவத் தோட்டங்களைச் சுற்றிச் சிங்களக் கிராமங்கள் இருப்பதால் உங்கள் பக்கத்து இலையில் ஒரு சிங்கள அம்மா உட்கார்ந்திருப்பார். நாலு சிங்களச் சொல் தெரிந்தால் பேசுங்கள், அவருக்கு நாற்பது தமிழ்ச் சொல் தெரிந்திருக்கும்.

பல தோட்டங்களில் கடைசி பஸ் பொழுது சாய முன்பே கிளம்பிவிடும். "போயிட்டு வாறேங்க" என்று சொல்லி, வெத்தலைப் பையை வாங்கிக்கொண்டு, பஸ்ஸுக்கு அரை மணி முன்பே இறங்கத் தொடங்குங்கள். வீட்டுக்கு வந்ததும் ஒரு புதுக் கொப்பியின் முதல் பக்கத்தில் திகதி, தோட்டம், பிரிவு, யார் வீடு, எவ்வளவு என்று எழுதி வையுங்கள். உங்கள் வீட்டுக் கல்யாணத்துக்கு யார் யாருக்கு வெத்தலை வைக்க வேண்டும் என்று பார்க்க அந்தப் பக்கம் தேவைப்படும்.