ஆலையும் ஆட்டமும்

திருப்பெரும்புதூர் இராமாநுசர் அவதரித்த திருத்தலம். ஒரு காலத்தில் ஏரியும் வயலும் சூழ்ந்து விளங்கிய இப்பகுதி, இன்று ஒரகடம் வரை நீண்ட தொழிற்பேட்டையாக மாறியுள்ளது. இருங்காட்டுக்கோட்டையில் 1998-ஆம் ஆண்டிலும், ஒரகடத்தில் 2010-ஆம் ஆண்டிலும் கார்கள் உருவாகத் தொடங்கின. முறை மாறும் வேளையில் பேருந்துகள் வரிசை வரிசையாகத் தொழிலாளரை ஏற்றிச் செல்லும் காட்சி கண்ணைக் கவரும். இங்குள்ள இளைஞர் பலர் வெளியூர்களிலிருந்து பிழைப்பை நாடி வந்தவர். உழைத்துக் களைத்த இவர்களை ஒன்றுகூட்டி உறவாக்க வல்லது எது? விளையாட்டே ஆகும்.

தொழிற்சாலைக்கும் கால்பந்துக்கும் உள்ள தொடர்பு பழமையானது. இங்கிலாந்து நாட்டில் 1878-இல் இரயில்வேத் தொழிலாளர் தொடங்கிய கழகமே பின்னாளில் மான்செஸ்டர் யுனைடெட் என்னும் பெயர் பெற்றது. 1886-இல் படைக்கலத் தொழிலாளர் தொடங்கிய கழகமே ஆர்சனல் ஆயிற்று. நம் நாட்டிலும் ஆலைகளும் இரயில்வேயும் வங்கிகளும் ஆட்டக்காரர்களுக்கு வேலை தந்து அணிகளைப் பேணின. அவற்றுள் ஒன்றன் வரலாற்றை ஈண்டுக் காண்போம்.

பஞ்சாப் மாநிலத்தில், ஜலந்தருக்கும் லூதியானாவுக்கும் இடையே, பெருஞ்சாலையின் மீது அமைந்த சிற்றூர் பக்வாரா. அங்கே ஜே.சி.டி. என்னும் நெசவாலை இருந்தது. அவ்வாலையின் ஆதரவில் 1971-ஆம் ஆண்டு ஒரு கால்பந்து அணி தோன்றியது. கல்கத்தாவின் புகழ்பெற்ற கழகங்களுக்கு முன்னே இச்சிற்றூர் அணி எம்மாத்திரம் எனப் பலரும் எண்ணியிருக்கலாம். ஆயினும் ஆலை தந்த ஊதியமும், ஆட்டக்காரர்களின் விடாமுயற்சியும் ஒன்று சேர்ந்து வியத்தகு விளைவைத் தந்தன.

பக்வாராவில் பிறந்த இந்தர் சிங் என்பார் 1974-இல் இவ்வணியிற் சேர்ந்தார். இந்திய அணிக்குத் தலைமை தாங்கிய பெருமையும் அர்ஜுனா விருதும் பெற்றவர் அவர். சந்தோஷ் கோப்பைக்கான 1974-75 போட்டியில் பஞ்சாப் மாநிலத்துக்காக 23 கோல்கள் அடித்துச் சாதனை புரிந்தார். தம் மண்ணின் மைந்தர் ஒருவர் இங்ஙனம் சிறப்புறுவதைக் கண்ட சிறுவர் உள்ளத்தில் எத்தகைய ஊக்கம் பிறந்திருக்கும்!

காலம் செல்லச் செல்ல அணியின் புகழும் ஓங்கியது. டூரண்டு கோப்பையை அது பன்முறை வென்றது. கேரளத்து ஐ. எம். விஜயனும் சிக்கிம் மாநிலத்துப் பைச்சுங் பூட்டியாவும் அதன் சட்டை அணிந்து ஆடினர். இந்தியாவின் முதல் தேசியக் கால்பந்து லீக் 1996-97-இல் நடைபெற்றது. நாட்டின் பெருநகரக் கழகங்கள் பல இருக்க, வெற்றி வாகை சூடியது பக்வாரா அணியே. அப்போட்டியில் 14 கோல்கள் அடித்து முதலிடம் பெற்றவரும் அவ்வணியின் பூட்டியாவே ஆவார். ஒரு சிற்றூர் நெசவாலையின் பெயர் நாடெங்கும் ஒலித்தது.

ஆனால், உயர்ந்தது என்றும் உயர்ந்தே நிற்பதில்லை. 2010-11 ஆட்டப் பருவத்தில் அணி கீழ்ப்பிரிவுக்கு இறங்கும் நிலை எய்தியது. 2011 ஜூன் மாதத்தில் ஆலை நிருவாகம் அணியைக் கலைத்துவிட்டது. ஆட்டங்களுக்குப் போதிய விளம்பரமும் வரவேற்பும் இல்லை என்பது காரணமாகக் கூறப்பட்டது. நாற்பது ஆண்டுக்கால வரலாறு ஓர் அறிவிப்போடு முடிவுற்றது. ஆலையைக் குறை கூறுதல் நேர்மையாகாது. நாற்பது ஆண்டுகள் பொருள் நல்கிய கை அது. எனினும், ஒற்றைத் தூணின் மீது எழுப்பிய மண்டபம் அத்தூண் அகன்றால் நிற்குமோ? இதுவே நாம் சிந்திக்க வேண்டுவது.

இனி, இங்கிலாந்தில் உள்ள மற்றொரு கழகத்தை நோக்குவோம். எஃகுத் தொழிலுக்குப் பெயர்போன ஷெபீல்டு நகரில் 1857-ஆம் ஆண்டு அக்டோபர் 24-ஆம் நாள் ஒரு கால்பந்துக் கழகம் தொடங்கப்பெற்றது. இன்றும் வாழும் கால்பந்துக் கழகங்களுள் இதுவே மூத்தது. ஆயினும் இங்கிலாந்தின் பெரிய லீக்கில் இது ஒருநாளும் இடம்பெற்றதில்லை. சிறிய போட்டிகளிலேயே ஆடி வந்தது. சொந்தத் திடல்கூட நெடுங்காலம் இல்லை. 2001-இல்தான் அண்மையிலுள்ள டிரான்பீல்டு என்னும் சிற்றூரில் தனக்கென ஒரு திடலைப் பெற்றது. கோப்பைகள் குவிக்காத இக்கழகத்துக்கு உலகக் கால்பந்துக் கூட்டமைப்பு 2004-இல் சிறப்பு விருது அளித்துப் போற்றியது.

பக்வாரா அணி கலைந்த அடுத்த மாதமே, அதாவது 2011 ஜூலையில், ஷெபீல்டுக் கழகம் ஓர் அரிய செயலைச் செய்தது. தன் முன்னோர் கையால் எழுதிய ஆட்ட விதிகளையும் பிற பழைய ஏடுகளையும் ஏலத்தில் விற்றது. அவை 8,81,250 பவுனுக்கு விலைபோயின. தாயின் நகையை விற்று நிலத்தைக் காக்கும் உழவனைப் போல, கழகத்தார் பழம்பெருமையை விற்றுக் கழகத்தின் எதிர்காலத்துக்குப் பொருள் தேடினர். ஏடுகள் போயின; கழகம் நிலைத்தது.

இவ்விரண்டு வரலாறுகளும் நமக்கு உணர்த்துவது யாது? பொருள் இன்றி அணி உயர்வது அரிது. இதற்குப் பக்வாராவே சான்று. ஆனால், பொருள் ஒன்றே கழகத்தை வாழ்விக்காது. உறுப்பினர் பலர் தம்முடையது எனக் கருதும் கழகமே இடர் வந்தபோதும் நிலைபெறும். இதற்கு ஷெபீல்டு சான்று.

திருப்பெரும்புதூர்ப் பகுதியும் இவ்வுண்மையை அறியாததன்று. அங்கே 2006-இல் தொடங்கிய நோக்கியா கைப்பேசி ஆலை 2014-இல் மூடப்பட்டது. ஆலைகள் வரும்; சில போகும். ஊரோ நிலைத்திருக்கும். ஆகவே, ஆலைகள் விளையாட்டுக்கு உதவட்டும். அவ்வுதவியை நன்றியோடு ஏற்போம். ஆனால் திடலைச் செப்பனிடுதல், சிறுவரைப் பயிற்றுதல், கணக்கை ஒழுங்காக எழுதுதல், தோல்வியுற்ற நாளிலும் கூடி நின்று ஊக்குவித்தல் ஆகிய கடமைகளை ஊரார் தம் தோள்மேல் ஏற்றல் வேண்டும்.

மாணவர்களே! உங்கள் ஊரிலும் ஒரு சிறு கழகம் இருக்கலாம். அதன் பெயர் செய்தித்தாள்களில் வாராதிருக்கலாம். அதனால் அதனை எளிதென எண்ணற்க. வெற்றி பெற்றவர் யார் என்பதை ஏடு கூறும். நிலைத்தவர் யார் என்பதை ஊர் கூறும்.