சாரல் நாளில் காய்கறித் தட்டு

ஆனி, ஆடியில் புளியறைப் பக்கம் எந்த வீட்டு உப்பு ஜாடியைத் திறந்தாலும் உப்பு கசிந்து கிடக்கும். ஆரியங்காவு கணவாய் வழியே வரும் காற்று சும்மா வராது, சாரலையும் கூட்டிக்கொண்டுதான் வரும். அந்த நாளில் காய்கறித் தட்டும் காரமான கடலை சாஸும் செய்கிறவர் ஈரத்தோடுதான் மல்லுக்கட்ட வேண்டும்.

பண்டம் நமக்கு அந்நியம் இல்லை. இந்தோனேசியாவில் இதற்கு காடோ காடோ என்று பெயர். பினாங்கில் தமிழ் முஸ்லிம்கள் விற்கும் பாசெம்பூரும் இதற்குப் பங்காளிதான். வெள்ளரி, அவித்த உருளைக்கிழங்கு, முட்டை, அதன் மேல் கடலையும் சீனிக்கிழங்கும் கரைத்த இனிப்புக் காரம். கடையநல்லூரிலும் தென்காசியிலும் கப்பலேறிப் போன குடும்பங்கள் நிறைய உண்டு. அங்கே கேட்டால் இதைவிட நன்றாகச் சொல்வார்கள்.

செய்ய வேண்டியவை

கடலையைச் சுளகில் பரப்பி, சுருங்கியதையும் கறுத்ததையும் பூசணம் பிடித்ததையும் பொறுக்கி எறியுங்கள். கஞ்சத்தனம் வேண்டாம். 1960இல் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் செத்தன. தீவனத்தில் இருந்த பூசணக் கடலைதான் காரணம். அஃப்ளடாக்சின் என்ற நஞ்சு அப்படித்தான் தெரியவந்தது. வறுத்தாலும் அது முழுசாகப் போகாது.

நாலு பேருக்கு 150 கிராம் கடலை போதும். சிறு தீயில் கால் மணி நேரம் வறுத்து, ஆறியதும் ஒன்றை வாயில் போடுங்கள். 'டக்'கென்று உடைந்தால் சரி, சவசவவென்றால் மறுபடி அடுப்பில் ஏற்றுங்கள்.

மிளகாய் வத்தல் எட்டு, பூண்டு நாலு பல், நெல்லிக்காய் அளவு புளி, ஒரு துண்டு கருப்பட்டி, உப்பு. எல்லாவற்றையும் கடலையோடு அரைத்து, வெந்நீரைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுத் தளர்த்துங்கள். ஆறினால் இறுகும் என்பதால் கொஞ்சம் தண்ணியாகவே வையுங்கள்.

பீன்ஸ், கேரட், முட்டைக்கோஸைக் கொதிநீரில் இரண்டு மூன்று நிமிடம் மட்டும் போட்டெடுத்து, குளிர்ந்த நீரில் அலசி, வேட்டித் துணியில் பரப்பி, மேலே ஃபேனைச் சுழலவிடுங்கள். சாரல் நாளில் துணி மட்டும் போதாது.

வருகிறவர்களிடம் கடலை ஒத்துக்கொள்ளுமா என்று முன்கூட்டியே கேளுங்கள். ஒவ்வாமை உள்ளவருக்கு ஒரு சொட்டு சாஸே ஆபத்து.

செய்யக்கூடாதவை

வெள்ளரியில் முதலிலேயே உப்புத் தூவக்கூடாது. ஒருமுறை நான் தூவிவிட்டு வாசலில் மழை பார்க்கப் போனேன். திரும்பி வந்தால் தட்டில் குளம். சாஸ் அதில் மிதந்துகொண்டிருந்தது. விருந்தாளி ஒருவர் கரண்டியைக் கேட்டு வாங்கி, ரசம் மாதிரி குடித்தார்.

சாஸைக் காயின் மேல் ஊற்றி வைக்கக்கூடாது. தனிக் கிண்ணத்தில் வையுங்கள், அவரவர் தொட்டுக்கொள்ளட்டும்.

வறுத்த கடலையைத் திறந்த தட்டில் விட்டுவைக்கக்கூடாது. சாரல் அடிக்கும்போது சீக்கிரமே நமத்துவிடும். எவர்சில்வர் டப்பாவில் போட்டு இறுக மூடுங்கள்.

கருப்பட்டிக்குப் பதிலாகச் சீனி? போடலாம். நான் போடமாட்டேன்.

முளைகட்டிய பயறு பச்சையாக வேண்டாம், இந்த ஈரத்தில் கிருமிக்குக் கொண்டாட்டம். ஆவியில் வேகவைத்துப் போடுங்கள்.

மிஞ்சிய சாஸை ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்து, காலையில் வெந்நீர் விட்டுக் கலக்குங்கள். தோசைக்கு அருமை.