பில்லில் வரும் ஆங்கில எழுத்துச் சுருக்கங்கள்

நமது கடைகளுக்கு வரும் பில், கொட்டேஷன், லாரி ரசீது எதை எடுத்தாலும் ஆங்கிலச் சொற்களின் முதல் எழுத்துகளைக் கோத்த சுருக்கங்கள் நிறைந்திருக்கின்றன. பழக்கத்தில் நாமும் அவற்றை எழுதி விடுகிறோம். விரிவு தெரியாமல் எழுதினால் கைப்பணம் போகும். அன்றாடம் பயன்படும் சிலவற்றைப் பார்ப்போம்.

எஃப்.ஓ.ஆர்.: 'ஃப்ரீ ஆன் ரெயில்' என்பது விரிவு. சரக்கை ரயிலில் ஏற்றும் வரையிலான செலவு விற்பவருடையது என்பது பழைய பொருள். இன்று லாரிச் சரக்குக்கும் இதையே எழுதுகிறோம். அடுத்து வரும் ஊர்ப் பெயரே முக்கியம். அந்த ஊர் வரையில் செலவு விற்பவருடையது. விருதுநகரிலிருந்து தஞ்சாவூர் மளிகைக் கடைக்கு 100 மூட்டை பருப்பு வருகிறது, மூட்டைக்கு லாரி வாடகை 40 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 'எஃப்.ஓ.ஆர். தஞ்சாவூர்' என்றிருந்தால் 4,000 ரூபாய் வாடகை விற்பவர் பொறுப்பு. 'எஃப்.ஓ.ஆர். விருதுநகர்' என்றிருந்தால் வாங்குபவர் பொறுப்பு. ஊரே எழுதாவிட்டால் லாரி வாசலில் நிற்கும்போது வாய்ச்சண்டைதான்.

இ. அண்டு ஓ.இ.: 'எரர்ஸ் அண்டு ஒமிஷன்ஸ் எக்செப்டெட்', அதாவது பிழைகளும் விடுபட்டவைகளும் நீங்கலாக. கை தவறி நேர்ந்த பிழையைப் பின்னர் திருத்திக் கொள்ளும் உரிமைக்காகவே பில்லின் அடியில் இதை அச்சிடுகிறோம். வேண்டுமென்றே கூட்டிப் போட்ட தொகைக்கு இது கேடயம் ஆகாது.

எம்.ஆர்.பி.: 'மேக்சிமம் ரீட்டெயில் பிரைஸ்', அதிகபட்ச சில்லறை விலை. எல்லா வரிகளும் இதில் அடக்கம். ஆகவே 'எம்.ஆர்.பி. மற்றும் ஜி.எஸ்.டி.' என்று பில் போடுவது தவறு. குறைத்து விற்கலாம், கூட்டி விற்பது குற்றம்.

ஜி.எஸ்.டி.ஐ.என்.: 2017 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள ஜி.எஸ்.டி.யின் பதிவு எண். மொத்தம் 15 இடங்கள். முதல் இரண்டு மாநிலத்தைக் குறிக்கும் எண்கள். தமிழ்நாட்டுக்கு 33, கேரளத்துக்கு 32, கர்நாடகத்துக்கு 29. அடுத்த பத்தும் வணிகரின் பான் எண். 'ஓ' என்ற எழுத்தா, பூஜ்யமா என்று மயக்கம் வந்தால் இதை நினைவில் வைக்கலாம்: 3 முதல் 7 வரையும் 12ஆவது இடமும் எழுத்துகள்; 8 முதல் 11 வரை எண்கள். விற்பவர் ஓர் எழுத்தை மாற்றிப் பதிவு செய்துவிட்டால் வாங்கியவர் கணக்கில் அந்தப் பில் சேராது. அவர் கட்டிய வரிக்கு உரிய வரவும் சிக்கலாகும்.

ஐ.எஃப்.எஸ்.சி.: வங்கிக் கிளையின் 11 இடக் குறியீடு. ஐந்தாவது இடம் எப்போதும் பூஜ்யம். அங்கே 'ஓ' எழுதக் கூடாது. கடைசி எழுத்தான 'சி'யே கோடு என்பதைக் குறிப்பதால் 'ஐ.எஃப்.எஸ்.சி. கோடு' என்பது கூறியது கூறல். 'பின் நம்பர்' என்பதும் அப்படியே.

எழுதும் முறைக்கு மூன்று விதிகள் போதும். கடிதத்தில் முதல் முறை வரும்போது விரித்து எழுதுவோம், பிறகு சுருக்குவோம். நம் கடைக்குள் மட்டும் வழங்கும் சுருக்கங்களை வெளியூர்க் கடிதத்தில் எழுத வேண்டாம். பணப் பொறுப்பு யாருடையது என்பதைச் சுருக்கத்தை மட்டும் நம்பி விடாமல் ஒரு முழு வரியில் எழுதுவோம். அந்த ஒரு வரிக்கு ஆகும் மை, லாரி வாடகையை விட மலிவு.